கடைசியில் சுழி இல்லாத எண்ணுக்கு அடுக்கு எப்படிப் போடுவது?

குடியாத்தத்திலிருந்து ஒரு தாய் கேட்டிருக்கிறார்: “மகன் ஒன்பதாம் வகுப்பு படிக்கிறான். 30,00,000 என்றால் 3 × 10⁶ என்று டக்கென்று எழுதிவிடுகிறான். 2011 கணக்கெடுப்பில் அன்றைய வேலூர் மாவட்ட மக்கள்தொகை 39,36,331. இதை அறிவியல் குறியீட்டில் எழுதச் சொன்னால், ‘கடைசியில் சுழியே இல்லையே’ என்று முழிக்கிறான். நான் 39.36331 × 10⁵ என்று போட்டுக் கொடுத்தேன். டீச்சர் தப்பு என்றுவிட்டார். மதிப்பு ஒன்றுதானே?”

மதிப்பு ஒன்றுதான். முப்பத்தொன்பது லட்சம் என்று வாய் சொல்வதைக் கை அப்படியே எழுதியிருக்கிறது. லட்சம் என்பது 10⁵ தானே. ஆனால் அறிவியல் குறியீட்டில் முன்னால் நிற்கும் எண் 1-க்குக் குறையக்கூடாது, 10-ஐத் தொடவும் கூடாது. எல்லோரும் இப்படி எழுதினால்தான், அடுக்கைப் பார்த்ததுமே எது பெரிய எண் என்று பிடிபடும். அதனால் டீச்சர் சொன்னது சரி.

இப்போது பையன் விஷயம். அவன் சுழிகளை எண்ணுகிறான். எண்ண வேண்டியது இலக்கங்களை. காற்புள்ளிகளை எல்லாம் அழித்துவிட்டு 3936331 என்று எழுதச் சொல்லுங்கள். வலது கோடியில் உள்ள 1-க்குக் கீழே 0 என்று போடட்டும். அது ஒன்றின் இடம். அதற்கு இடப்பக்கம் பத்தின் இடம், கீழே 1, நூறுக்கு 2, ஆயிரத்துக்கு 3. இப்படியே போனால் முதல் இலக்கமான 3-க்குக் கீழே 6 வந்து நிற்கும். அதுதான் அடுக்கு. அந்த 3-ஐ அடுத்துப் புள்ளி வைத்தால் 3.936331 × 10⁶. மொத்தம் 7 இலக்கம், ஒன்றைக் கழித்தால் 6. கழிக்கும் அந்த ஒன்று எங்கிருந்து வருகிறது என்பதை விரல் வைத்துப் பார்த்த பிள்ளை பிறகு மறப்பதில்லை.

அடுத்து அவன் தவறக்கூடிய இடம் நடுவில் வரும் சுழி. 4,00,70,000-ஐ 4.7 × 10⁷ என்று எழுதும் பிள்ளைகள் நிறைய. சரியான விடை 4.007 × 10⁷. கடைசிச் சுழிகளை விடலாம், நடுச் சுழிகளை விட்டால் எண்ணே மாறிவிடும். முழுதாக்கும்போதும் கவனம் வேண்டும். 9,99,600-ஐ மூன்று இலக்கத்துக்கு முழுதாக்கினால் 10.0 × 10⁵ என்று வரும், நிபந்தனை மீறுகிறது. 1.00 × 10⁶ என்று மாற்ற வேண்டும்.

உங்கள் லட்சக் கணக்கையும் விட்டுவிடாதீர்கள், விடையைச் சரிபார்க்க அது நல்ல துணை. லட்சத்துக்கு 5, கோடிக்கு 7. லட்சம் கோடி என்றால் இரண்டையும் கூட்டி 12.

ஆலங்காயம் தாண்டி ஜவ்வாது மலையில் காவலூர் வானாய்வகம் இருக்கிறதே, அங்கே பேச்சே இந்த அளவு எண்களில்தான். சூரியனை விட்டால் நமக்கு மிக அருகில் இருக்கும் நட்சத்திரம் ப்ராக்ஸிமா செண்டாரி. தூரம் சுமார் 40 லட்சம் கோடி கிலோமீட்டர். பையனிடமே கொடுத்துப் பாருங்கள். 40 × 10¹² என்று எழுதி நிறுத்தினால், புள்ளியை ஓரிடம் இடப்பக்கம் நகர்த்தச் சொல்லுங்கள். 4 × 10¹³ வந்துவிடும்.