சாதிச் சான்றிதழ் தாமதமானால் கலந்தாய்வு இடம் போய்விடுமா?

கேள்வி: ஏற்காடு மலையில் காபித் தோட்டத்தில் வேலை செய்கிறேன். நாங்கள் மலையாளிப் பழங்குடியினர். மகள் பிளஸ் டூ முடித்துப் பொறியியல் கலந்தாய்வுக்கு விண்ணப்பித்திருக்கிறாள். அவளுடைய சாதிச் சான்றிதழுக்காக மார்ச் மாதமே இ-சேவை மையத்தில் பதிவு செய்தோம். கோட்டாட்சியர் விசாரணை இன்னும் முடியவில்லை. சரிபார்ப்பின்போது, 1986-இல் வட்டாட்சியர் எனக்குக் கொடுத்த சான்றிதழைக் காட்டினேன். செல்லாது என்று சொல்லி மகளைப் பொதுப் பிரிவில் சேர்த்துவிட்டார்கள். எனது பள்ளி மாற்றுச் சான்றிதழில் ‘மலையாளிக் கவுண்டர்’ என்று இருக்கிறது. வழக்குப் போட முடியுமா?

பதில்: முடியும். ஆனால் இந்த வாரமே கிளம்ப வேண்டும்.

உங்கள் சான்றிதழ் செல்லாது என்றது தவறு. பழங்குடியினர் சான்றிதழ் வழங்கும் அதிகாரம் வட்டாட்சியரிடமிருந்து கோட்டாட்சியருக்கு மாறியது 11.11.1989-இல்தான். அதற்கு முன் வட்டாட்சியர் கொடுத்தவை செல்லும் என்பதைச் சென்னைத் துறைமுக ஊழியர் ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1997-இல் ஏற்றுக்கொண்டது. வட்டாட்சியர் கையெழுத்தைப் பார்த்ததுமே தாளைத் திருப்பித் தள்ளும் பழக்கம் சரிபார்ப்பு மேசைகளில் உண்டு. மூலையில் இருக்கும் தேதியை யாரும் படிப்பதில்லை. 

ஆனாலும் அது உங்கள் சான்றிதழ். மகளுக்குத் தனியாக ஒன்று வேண்டும் என்று அவர்கள் கேட்பதில் நியாயம் இருக்கிறது. குறித்த நாளுக்குள் அது வராவிட்டால் உரிமையே போய்விடுமா என்பதுதான் வழக்கு.

தகுதி வேறு, தகுதிக்கான ஆதாரம் வேறு. தகுதி கடைசி நாளன்று இருந்தே ஆக வேண்டும். ஆதாரத்தைக் கொடுப்பது நடைமுறை சார்ந்தது, அதில் இரும்புப் பிடி கூடாது என்று மருத்துவ இடம் கேட்ட டாலி சந்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் 2004-இல் சொன்னது. பழங்குடியினர் என்பது பிறப்பால் வருவது. சான்றிதழ் அதை உறுதி செய்கிறது, உண்டாக்குவதில்லை. எதிர்த்தரப்பு 2023-இல் வந்த திவ்யா வழக்கைக் காட்டும். குடிமைப் பணித் தேர்வில், பொருளாதாரத்தில் நலிந்த பிரிவுச் சான்றிதழை உரிய தேதிக்குள் தராதவர்கள் அதில் தோற்றார்கள். வருமானம் ஆண்டுக்கு ஆண்டு மாறும், பிறப்பு மாறாது என்பதே நமது பதில்.

இன்னொரு பிடியும் உண்டு. மாதுரி பாட்டீல் வழக்கில் (1994), சாதி சரிபார்ப்புக் குழுவின் விசாரணை முடியாமல் சேர்க்கையின் கடைசி நாள் நெருங்கினால், ஏற்கெனவே பெற்ற சான்றிதழையோ பெற்றோரின் உறுதிமொழிப் பத்திரத்தையோ வைத்துத் தற்காலிகமாகச் சேர்க்கலாம் என்று உச்ச நீதிமன்றம் நெறி வகுத்தது. உங்கள் மகளின் நிலை அச்சாக அது இல்லை. கோட்டாட்சியர் இன்னும் முதல் சான்றிதழையே தரவில்லை. இருந்தாலும் அந்த நெறியின் நியாயம் இங்கும் பொருந்தும் என்று வாதாடலாம்.

விசாரணை இழுப்பதற்குக் காரணம் அநேகமாக அந்த ‘கவுண்டர்’தான். பழங்குடியினர் பட்டியலில் ‘மலையாளி’ என்று மட்டுமே இருக்கிறது. பட்டியலில் எதையும் கூட்டவோ குறைக்கவோ நீதிமன்றத்துக்கே அதிகாரம் இல்லை என்பது 2000-ஆம் ஆண்டுத் தீர்ப்பு. ஆகவே மலையாளிக் கவுண்டரும் பழங்குடிதான் என்று வாதாடாதீர்கள். சாதி மலையாளி, கவுண்டர் என்பது பட்டப்பெயர் என்று எழுதிக் கொடுத்து, 1986 சான்றிதழையும் உறவினர்களின் சான்றிதழ்களையும் இணையுங்கள்.

உயர் நீதிமன்றத்தில் அரசியல் சட்டத்தின் 226-ஆவது பிரிவின்கீழ் ரிட் மனு போட வேண்டும். சேலம் மாவட்டத்துக்குச் சென்னைதான், மதுரைக் கிளை அல்ல. கோட்டாட்சியர், கலந்தாய்வுக் குழு இருவரையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்ப்பது அவசியம். கோட்டாட்சியரை மட்டும் சேர்த்தால் சான்றிதழ் வரும்போது இடம் இருக்காது. குழுவை மட்டும் சேர்த்தால், சான்றிதழ் எங்கே என்பார்கள். பழங்குடியினருக்கான ஒதுக்கீடு 1 சதவீதம்தான் என்பதால், ஓர் இடத்தைக் காலியாக வைக்க இடைக்கால உத்தரவு கேட்பதுதான் மனுவின் உயிர்.

இதற்கிடையில் பொதுப் பிரிவில் இடம் கிடைத்தால் விட்டுவிடாதீர்கள். பழங்குடியினர் ஒதுக்கீட்டு உரிமையை விட்டுக்கொடுக்காமல் சேர்வதாக ஒரு கடிதம் கொடுத்து, அதன் நகலில் முத்திரை வாங்குங்கள். திங்கள்கிழமை ஆட்சியர் குறைதீர் கூட்டத்தில் மனு கொடுத்து எண் பெறுவதும் வழக்குக்கு உதவும். தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்கலாமே என்று யாராவது சொல்வார்கள். பதில் தர 30 நாள் அவகாசம் உண்டு, அதற்குள் கலந்தாய்வே முடிந்துவிடும்.

செலவை நினைத்துத் தயங்க வேண்டாம். 1987-ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டத்தின் 12-ஆவது பிரிவுப்படி பழங்குடியினருக்கும் பெண்களுக்கும் வருமான வரம்பு பார்க்காமல் இலவச வழக்கறிஞர் உண்டு. சேலம் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் விண்ணப்பித்தால், உயர் நீதிமன்றக் குழுவுக்கு அனுப்பி வைப்பார்கள். போகும்போது மார்ச் மாத ஒப்புகைச் சீட்டை மறக்காதீர்கள். கடைசி நாளுக்கு முன்பே விண்ணப்பித்தீர்கள் என்பதற்கு அதுதான் சாட்சி. தொலைந்திருந்தால் பதிவு செய்த இ-சேவை மையத்திலேயே மறுபடி அச்சிட்டு வாங்குங்கள்.