சினிமா, சீரியல் எடுத்த இடங்களை நடத்திக் காட்டும் சுற்றுலாக்களுக்குக் காசு கொடுத்துப் போகலாமா?

கேள்வி கேட்டவர் அடுத்த கோடையில் ஐரோப்பா வருகிறாராம். வழிகாட்டியோடு போவதா, கூகுள் மேப்பை வைத்துக்கொண்டு நாமே சுற்றிவிடலாமா என்று கேட்டிருக்கிறார். நான் இப்படி இரண்டு நடைகள் போயிருக்கிறேன். ஒன்றில் காசைத் தண்டம் அழுதேன். மற்றொன்றைப் பற்றி இன்றைக்கும் வீட்டில் பேசிக்கொண்டிருக்கிறோம்.

தண்டம் அழுத கதையை முதலில் சொல்லிவிடுகிறேன். ஊர் குரோஷியாவின் துப்ரோவ்னிக். 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' என்ற தொலைக்காட்சித் தொடரில் இரண்டாம் சீசனிலிருந்து தலைநகரமாகக் காட்டிய ஊர். வழிகாட்டி பையன் கையில் லேமினேட் செய்த படங்கள். ஒவ்வொரு திருப்பத்திலும் ஒரு படத்தைத் தூக்கிப் பிடித்து, "இங்கேதான் இந்தக் காட்சி, போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள்" என்பான். அவ்வளவுதான். ராணி அவமானப்பட்டு இறங்கி வந்த ஜெசுவிட் படிக்கட்டில் நாலைந்து கூட்டங்கள் வரிசையில் நின்று, முறை வந்ததும் "ஷேம், ஷேம்" என்று கத்திக்கொண்டே இறங்கின. மாடியில் யாரோ படாரென்று ஜன்னலைச் சாத்தினார்கள். பாவம், தினமும் எத்தனை தடவை கேட்பார்கள்! லொவ்ரியெனாட்ஸ் கோட்டை வாசலுக்கு மேலே லத்தீனில் ஒரு வாசகம் செதுக்கியிருக்கிறது: உலகத்துப் பொன்னையெல்லாம் கொட்டிக் கொடுத்தாலும் சுதந்திரத்தை விற்பது நன்றன்று. அதன் கீழேயே எங்களை நிறுத்தி, எந்த ராஜா எங்கே உட்கார்ந்தான் என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே கூட்டிப்போனான்.

அன்று சாயங்காலம் நாங்கள் தங்கிய வீட்டு அம்மாள் மொட்டை மாடியில் நின்று கூரைகளைக் காட்டினார். சில ஓடுகள் வெளிறிப் பழுப்பாக இருக்கும், பெரும்பாலானவை பளிச்சென்று சிவப்பாக இருக்கும். சிவப்பெல்லாம் யுகோஸ்லாவியா உடைந்தபோது நடந்த 1991-92 முற்றுகையில் குண்டு விழுந்த பிறகு மாற்றியவை. பழைய நகரத்தின் 824 கட்டடங்களில் 563 அடிவாங்கின. தொலைக்காட்சியில் கண்ணைப் பறிக்கிற அந்தச் சிவப்புக் கூரைக்குப் பின்னால் இப்படி ஒரு கதை இருக்கிறது, எங்கள்கூட இரண்டு மணி நேரம் நடந்த பையன் அதைப் பற்றி வாயைத் திறக்கவில்லை. அவனைக் குறை சொல்லியும் பயனில்லை. எங்கள் கூட்டத்தில் யாரும் அதைக் கேட்கவும் இல்லை.

இரண்டாவது நடை வியன்னாவில், 1949-இல் வந்த 'தி தேர்ட் மேன்' படத்தின் தடத்தில். போவதற்கு முக்கியக் காரணம் என் தாய்மாமா. மதுரை மாநகராட்சியில் பாதாளச் சாக்கடைப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். இளம் வயதில் ஏதோ ஒரு திரைப்படச் சங்கத்தில் இந்தப் படத்தைப் பார்த்து, சாக்கடைக்குள் துரத்துகிற கடைசிக் காட்சியில் மயங்கிப்போனாராம். நான் இருக்கும் ம்யூனிக்குக்கு வந்து ஒரு வாரம் ஆகவில்லை, "மாப்ளே, வியன்னா எவ்வளவு தூரம்?" என்றார். ரயிலில் நாலு மணி நேரம். செப்டம்பரில் ஒரு சனிக்கிழமை அதிகாலையில் கிளம்பினோம்.

படம் பார்க்காதவர்களுக்குக் கதை இவ்வளவுதான். போருக்குப் பிந்தைய வியன்னா. அமெரிக்கா, பிரிட்டன், பிரான்ஸ், சோவியத் யூனியன் நாலும் ஊரைப் பங்கு போட்டுக்கொண்டு, நடு நகரத்தை மட்டும் கூட்டாக ஆள்கின்றன. ஹாரி லைம் என்ற நண்பன் வேலை தருவதாகச் சொன்னதை நம்பி ஓர் அமெரிக்க எழுத்தாளன் வந்து இறங்குகிறான். வந்த அன்றே நண்பனுக்கு இறுதிச் சடங்கு. வண்டி மோதிச் செத்தவனை இரண்டு பேர் தூக்கினார்கள் என்று எல்லோரும் சொல்ல, வீட்டுக் காவலாளி மட்டும் மூன்றாவதாக ஒருவன் இருந்தான் என்கிறான். லைம் சாகவில்லை, நீர் கலந்த பென்சிலினைக் கள்ளச் சந்தையில் விற்று ஊர்க் குழந்தைகளைச் சாகடித்துக்கொண்டிருந்தவன் அவன். (இதற்குமேல் ஸ்பாய்லர் என்று கோபித்துக்கொள்ளாதீர்கள், படம் வந்து எழுபத்தைந்து வருடம் தாண்டிவிட்டது.)

எங்கள் வழிகாட்டி அறுபது வயதை ஒட்டிய ஓர் அம்மையார். ஆஸ்திரியாவில் இந்தத் தொழிலுக்குத் தேர்வு எழுதி உரிமம் வாங்கவேண்டும், சட்டையில் அதற்கான பேட்ஜ் குத்தியிருந்தார். அவரும் பழைய ஸ்டில்களைத்தான் கொண்டுவந்திருந்தார். ஆனால் துப்ரோவ்னிக் பையன் "இதுதான் அது" என்று முடித்துக்கொண்ட இடத்தில் இவர் பேச்சைத் தொடங்கினார்.

மோல்கர் பாஸ்டை என்கிற மேட்டுக்குக் கீழே ஷ்ரைஃபோகல்காஸே 8 என்று ஒரு சாதாரண வாசல். படத்தின் பாதிக்குமேல் இருட்டில் இந்த வாசலில் ஒருவன் நிற்கிறான், காலடியில் பூனை. எதிர் மாடியில் விளக்கு எரிய, வெளிச்சம் முகத்தில் விழுகிறது. செத்துப்போன ஹாரி லைம்! லைமாக நடித்த ஆர்சன் வெல்ஸின் அந்த அரைச் சிரிப்பு. வாசலைப் பார்த்ததும் மாமா போய் ஓரமாகச் சாய்ந்து நின்று அதே மாதிரி சிரிக்கப் பார்த்தார். எனக்கு என்னவோ பஸ்ஸுக்குக் காத்திருப்பவர் மாதிரித்தான் தெரிந்தது. அதே மேட்டின் மேலே, கூப்பிடு தூரத்தில், இசைமேதை பேத்தோவன் பல வருடம் குடியிருந்து 'ஃபிடேலியோ' என்ற இசை நாடகத்தை எழுதிய வீடு இருக்கிறது. இந்த நடைக்கு வருகிறவர்களில் பாதிப் பேர் அதைத் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை என்று அம்மையார் சிரித்தார்.

அடுத்து அவர் செய்ததுதான் எனக்குப் பிடித்தது. "இங்கேயிருந்து லைம் ஓடுகிறான். சதுக்கத்துக்கு வந்ததும் காணாமல் போகிறான். வாருங்கள், நாமும் துரத்துவோம்" என்று எங்களை நடக்கவிட்டார். படத்தில் சில நொடிகள். நாங்கள் ஃப்ரையுங் வழியாக 'ஆம் ஹோஃப்' சதுக்கத்தை அடைய ஐந்தாறு நிமிடத்துக்கு மேலேயே ஆனது, மாமாவின் மூட்டுவலிக்கு இன்னும் கொஞ்சம். அங்கே போய்ப் பார்த்தால் விளம்பரத் தூண் இல்லை! படத்தில் லைம் அந்த உருளைத் தூணுக்குள் இருக்கிற கதவைத் திறந்துதான் சாக்கடைக்குள் இறங்குகிறான். அது படத்துக்காக வைத்த செட். ஊரில் வேறு இடங்களில் அப்படிப்பட்ட தூண்கள் உண்டு, இந்தச் சதுக்கத்தில் கிடையாது.

"அப்போ எதுதான் நிஜம்?" என்று மாமா கேட்டார். அம்மையார் ஒரு ஸ்டில்லை நீட்டினார். சரிந்து கிடக்கிற செங்கல் குவியல். அது நிஜம். படப்பிடிப்பு நடந்தது 1948 கடைசியில், ஊரில் குண்டுவீச்சின் இடிபாடுகள் இன்னும் கிடந்தன. அங்கே செட் போடவேண்டிய அவசியமே இருக்கவில்லை. தெருக்கள் பளபளவென்று மின்னுவது மட்டும் தண்ணீர் அடித்து நனைத்ததால். கருங்கல் பாவிய தெரு ஈரமாக இருந்தால் இரவு விளக்கு அதில் தெறிக்கும். ஒளிப்பதிவாளர் ராபர்ட் கிராஸ்கருக்கு ஆஸ்கர் வாங்கிக்கொடுத்ததில் அந்தத் தண்ணீருக்கும் பங்கு உண்டு.

பிறகு ஜோசஃப்ஸ்பிளாட்ஸ். வாசலின் இரு பக்கமும் கற்சிலைப் பெண்கள் தாங்கி நிற்கும் பல்லாவிசினி மாளிகைதான் லைமின் வீடு. எதிரே குதிரைமேல் இரண்டாம் ஜோசஃப் பேரரசர். 'செத்தவனை' அந்தச் சிலையடிக்குத்தான் தூக்கிக்கொண்டு போனார்கள். அங்கே நின்றால் தூரம் கண்ணில் பட்டுவிடுகிறது, மேல்மாடியிலிருந்து பார்த்த காவலாளிக்கு எத்தனை பேர் தூக்கினார்கள் என்று தெரியாமல் போயிருக்காது. கதையின் முடிச்சே அந்தச் சதுக்கத்தின் அளவில் இருக்கிறது, வீட்டுச் சோபாவில் உட்கார்ந்து பார்த்தபோது எனக்கு அது பிடிபடவில்லை.

சாக்கடை தனி டிக்கெட். மாநகரத்தின் கழிவுநீர்த் துறையே மே முதல் அக்டோபர் வரை நடத்துகிறது, கார்ல்ஸ்பிளாட்ஸ் பக்கத்தில். தலையில் விளக்கு வைத்த ஹெல்மெட் கொடுக்கிறார்கள். இதழ் இதழாகத் திறக்கிற இரும்பு மூடி, அதற்குக் கீழே சுழல்படி. பன்னிரண்டு வயதுக்குக் கீழே அனுமதி இல்லை. முழங்கால் பிரச்சினை உள்ளவர்கள் ஒரு தடவைக்கு இரண்டு தடவை யோசித்துக்கொள்ளுங்கள். மாமா யோசிக்கவில்லை. கீழே போனதும் சுவரில் படத்தின் காட்சியைப் போட்டு, புகை, விளக்கு என்று கொஞ்சம் நாடகமும் நடத்துகிறார்கள். மாமாவோ சுவரையும் தரையையும் தடவிக்கொண்டிருந்தார். "வாட்டம் எவ்வளவு வச்சிருக்கான்னு கேளு மாப்ளே. மழைத் தண்ணியும் இதுலதான் வருதா?" என்னுடைய ஜெர்மன் அதுவரைக்கும் 'வாட்டம்' என்ற வார்த்தையைச் சந்தித்ததில்லை. கையால் சரிவைக் காட்டிக் கேட்டேன். வேலை உடையில் நின்ற ஆளுக்கு முகமெல்லாம் மலர்ந்துவிட்டது, லைமை விட்டுவிட்டார். வீன் ஆற்றின் இரண்டு கரையிலும் இந்தக் கால்வாய்கள் 1831-இல் காலரா தாக்கிய பிறகு கட்டப்பட்டவை. இன்று ஊரின் கீழே சுமார் 2,500 கிலோமீட்டர் கால்வாய், எல்லாம் கடைசியில் போய்ச் சேர்வது ஸிம்மரிங்கில் இருக்கிற சுத்திகரிப்பு நிலையம். போலீஸில் சாக்கடைக்கென்றே ஒரு படை இருந்தது, படத்தில் துரத்துகிறவர்களில் அவர்களும் உண்டு.

"படத்துல பெரிய மண்டபம் மாதிரி வருமே, அது இது இல்லையே?" என்று மாமா விடவில்லை. சரியாகத்தான் பிடித்தார். அது சாக்கடையே கிடையாது, மேலே மூடிவிட்ட வீன் ஆறு. அந்த ஆறு வெளியே வருகிற வாயை ஷ்டாட்பார்க் பூங்காவில் காசில்லாமல் பார்க்கலாம். இன்னொன்று: ஆர்சன் வெல்ஸ் நிஜச் சாக்கடையில் வேலை செய்ய மறுத்துவிட்டார். அதனால் பல காட்சிகளுக்கு மாற்று ஆள், மீதிக்கு இங்கிலாந்தில் ஷெப்பர்டன் ஸ்டுடியோவில் போட்ட செட். தெருக் கம்பியிடுக்கில் நீண்டு துடிக்கிற விரல்கள் இருக்கிறதே, அவை இயக்குநர் கேரல் ரீடின் விரல்கள். மாமா வெளியே வந்ததும் தன் விரல்களை ஒருமுறை பார்த்துக்கொண்டார். "நாற்பது வருசமா அது அந்தாளு கைன்னு நெனச்சுக்கிட்டிருந்தேன்" என்றார். ஏமாந்த குரலாகத் தெரியவில்லை, ரொம்பச் சந்தோஷமாகத்தான் இருந்தார்.

ஆகவே உங்கள் கேள்விக்கு என் பதில்: காமிரா எங்கே பொய் சொன்னது என்று காட்டத் தெரிந்த வழிகாட்டி கிடைத்தால் தாராளமாகக் காசு கொடுங்கள். இடத்தை மட்டும் அடையாளம் காட்டுவதற்கு மேப் போதும். இதே வியன்னாவில் 1995-இல் வந்த 'பிஃபோர் சன்ரைஸ்' படத்தின் இடங்களை நானும் மனைவியும் பிறகொரு தடவை மேப்பை வைத்தே சுற்றினோம். கைரேகை பார்க்கிற காட்சி எடுத்த குட்டிக் காபிக் கடை ஃபிரான்சிஸ்கானர்பிளாட்ஸில், இசைத்தட்டுக் கடை வின்ட்மூல்காஸேயில். இரண்டு பேர் பேசிக்கொண்டே நடக்கிற படத்துக்கு இரண்டு பேர் பேசிக்கொண்டே நடந்தால் போதும், நடுவில் வழிகாட்டி எதற்கு?

இரண்டு படத்திலும் வருகிற ஒரு பெரிய இடம் பிராட்டர் பூங்காவின் ராட்சச ராட்டினம். 1897-இல் கட்டியபோது முப்பது பெட்டி. போரில் எரிந்தபின் திரும்ப எழுப்பியதில் பதினைந்துதான். பெட்டிக்குள் இடம் தாராளமாக இருக்கிறதே என்று தோன்றினால், மேலேயிருந்து கீழே பார்க்கும்போது லைம் மனிதர்களைப் புள்ளிகள் என்று சொன்னதை நினைத்துக்கொள்ளுங்கள். வயிற்றைக் கொஞ்சம் பிசையும்.

கிளம்புமுன் சில விஷயங்கள். படத்தைப் போகிற வாரத்திலேயே மறுபடி பாருங்கள். பழைய நினைவை வைத்துப் போனால் பாதி புரியாது. முடியாவிட்டால் ஓப்பன்ரிங்கில் இருக்கும் புர்க் கினோவில் இன்றும் இந்தப் படத்தை ஓட்டுகிறார்கள், எந்த நாள் என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள். பிரெஸ்காஸேயில் இந்த ஒரு படத்துக்கென்றே ஒரு தனியார் அருங்காட்சியகம் இருக்கிறது, சனிக்கிழமை மத்தியானம் மட்டும் திறக்கும், நாங்கள் சனிக்கிழமை போனதே அதற்காகத்தான். படம் முழுக்க ஒலிக்கிற ஸிதர் அங்கே இருக்கிறது. மேஜைமேல் வைத்து மீட்டுகிற தந்தி வாத்தியம். வாசித்த ஆன்டன் கராஸ் வியன்னாவின் ஒயின் விடுதிகளில் வாசித்துப் பிழைத்தவர், அந்த ஒரு மெட்டு அவரை உலகம் முழுக்கக் கொண்டுபோனது. பிறகு ஊர் திரும்பித் தானே ஒரு ஒயின் விடுதி திறந்துகொண்டார்.

படத்தில் வருகிற மயானம் எந்த நடையிலும் வராது, தூரம். அதைத் தனியாகப் பாருங்கள். 71-ஆம் எண் டிராம் நேரே போகிறது. யாராவது இறந்துவிட்டால் '71-ஐப் பிடித்துவிட்டார்' என்று சொல்வது வியன்னாக்காரர்களின் பழைய வழக்கு. படத்தின் முதலிலும் முடிவிலும் ஹாரி லைமைப் புதைக்கிறார்கள். கடைசி ஷாட்டில் அவன் காதலி அன்னா நீண்ட மரச்சாலையில் தொலைவிலிருந்து நடந்து வருகிறாள், ஓரமாகக் காத்திருக்கும் எழுத்தாளனைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் தாண்டிப் போகிறாள். கதை எழுதிய கிரஹாம் கிரீன் இருவரையும் சேர்த்துவைக்க விரும்பினார், ரீட் பிடிவாதமாக மறுத்தார். ரீட் சொன்னதே சரி என்று கிரீன் பின்னால் ஒப்புக்கொண்டார்.

நாங்கள் ஞாயிறு காலையில் போனோம். இலை உதிரத் தொடங்கியிருந்தது. மாமா என்னைச் சாலை ஓரத்தில் நிற்கச் சொல்லிவிட்டு வெகுதூரம் போனார், அங்கேயிருந்து கையைக் கட்டிக்கொண்டு நேராக நடந்து வந்தார். நான் போனில் படம் பிடித்தேன். என்னைத் தாண்டிப் போகவேண்டும் என்பதுதான் ஏற்பாடு. பக்கத்தில் வந்ததும் நின்று, "மூச்சு வாங்குது மாப்ளே, தண்ணி இருக்கா?" என்றார்.