மீதித் தவணை எத்தனை? வீட்டுக்கடன் கேள்வி பதில்

வீட்டுக்கடனில் கடைசிவரை நம் கையைவிட்டுப் போகும் மொத்தத் தொகை எவ்வளவு என்பது பற்றி நீலகிரி, கொடைக்கானல் மலைகளிலிருந்து வந்த கேள்விகளும் பதில்களும். வேறு சொல்லாத இடங்களில் எல்லாம் 30 லட்சம் கடன், 8.5% வட்டி, 20 வருடம் என்றே கணக்குப் போட்டிருக்கிறேன். அதற்கு மாதத் தவணை (இ.எம்.ஐ.) ரூ. 26,035. உங்கள் கடன் 15 லட்சம் என்றால் தொகைகளைப் பாதியாக்கிக்கொள்ளுங்கள். எந்த வங்கி நல்லது என்று கேட்பவர்களுக்கு என்னிடம் பதில் இல்லை.

கேத்தி: சார், இ.எம்.ஐ. கம்மியா வரட்டும்னு 30 வருஷம் போட்டுக்கலாம்னு வீட்டுல சொல்றாங்க. சரியா?

20 வருடத்தில் நீங்கள் கட்டி முடிப்பது 62.48 லட்சம். 30 வருடம் என்றால் தவணை 23,067, மொத்தம் 83.04 லட்சம். மாதம் மூவாயிரத்துக்கும் கொஞ்சம் குறைவாக மிச்சம் பிடிக்க, இருபது லட்சத்துக்கு மேல் கூடுதலாகக் கொடுக்கிறீர்கள். அதையே 15 வருடத்தில் முடித்தால் தவணை 29,542, மொத்தம் 53.18 லட்சம்.

வட்டி மீதி அசலுக்குத்தான் போடப்படுகிறது. அசலோ ஆரம்பத்தில் அசைவதே இல்லை. முதல் மாதம் கட்டும் 26,035-ல் 21,250 வட்டி, 4,785 மட்டுமே அசல். முதல் வருடம் முழுக்க 3.12 லட்சம் கட்டியும் கடன் ஏறத்தாழ 59,700 தான் குறைந்திருக்கும். ஐந்து வருடம் முடியும்போது 15.62 லட்சம் கட்டியிருப்பீர்கள், பாக்கி 26.44 லட்சம் நிற்கும். பத்தாவது வருடம் முடிவில், வாங்கிய 30 லட்சத்துக்கும் மேலாக 31.24 லட்சம் கட்டிய பிறகும், பாக்கி 21 லட்சம். "பாதிக் காலம் போச்சு, பாதிக் கடன் தீர்ந்திருக்கும்" என்று நினைத்து வீட்டை விற்கப் போகிறவர்கள் இங்கேதான் அதிர்ந்துபோகிறார்கள்.

அதனால் வங்கித் தாளைக் கையில் எடுத்ததும் தவணைத் தொகையைப் பார்க்காதீர்கள். மீதித் தவணை எத்தனை என்று பாருங்கள்.

அருவங்காடு: வட்டி ஏறினப்போ எல்லாரும் பயந்தாங்க. எனக்கு இ.எம்.ஐ. ஒரு ரூபா கூட ஏறல. தப்பிச்சேன்னு எடுத்துக்கலாமா?

இல்லை. தவணை ஏறவில்லை என்றால் காலம் ஏறியிருக்கும். கடன் வாங்கிய புதிதில் வட்டி 8.5-லிருந்து 9.5 ஆகி, தவணை 26,035-லேயே நின்றால், 240 தவணை 308-க்கு மேல் போய்விடும். கூடுதலாக வரும் அந்த அறுபத்தெட்டரைத் தவணைக்கு மட்டும் 17.8 லட்சம். காலத்தை நீட்டாமல் தவணையை 27,964 ஆக்கியிருந்தால், மாதம் 1,929 வீதம் 20 வருடத்துக்கும் கூடுதல் செலவு 4.63 லட்சத்தோடு முடிந்திருக்கும்.

ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டிதான் ரெப்போ. 2022 மே மாதத் தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்த அது, 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆனது. அப்போது கடன் வைத்திருந்தவர்களில் ஓய்வு வயதைத் தாண்டித் தவணை நீண்டவர்கள் உண்டு. இதற்காகத்தான் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் ஒரு சுற்றறிக்கை போட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று கடன் வாங்கியவரிடம் வங்கி கேட்க வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை இதுவரை வசூலான அசல், வட்டி, மீதித் தவணை எண்ணிக்கை எல்லாம் உள்ள தாளைக் கொடுக்க வேண்டும். உங்களுக்கு அந்தத் தாள் வரவில்லை என்றால் கிளைக்கு எழுதிக் கேளுங்கள். "தவணையை உயர்த்தி, கடன் முடியும் தேதியைப் பழையபடி வையுங்கள்" என்ற ஒரு வரி போதும். கடிதத்தின் நகலில் கிளை முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள்.

குன்னூர்: அண்ணா, 2025-ல வட்டியக் குறைச்சாங்களே, என் இ.எம்.ஐ. குறையலையே?

2025 பிப்ரவரியிலிருந்து ஜூனுக்குள் ரெப்போ 6.5-லிருந்து 5.5-க்கு வந்தது. உங்கள் கடன் எதோடு கட்டப்பட்டிருக்கிறது என்று ஒப்புதல் கடிதத்தில் பாருங்கள். ரெப்போ என்றால் மூன்று மாதத்துக்குள் மாறியிருக்க வேண்டும். பெரும்பாலும் தவணையைத் தொடாமல் காலத்தைக் குறைத்திருப்பார்கள். அது உங்களுக்கு நல்லது, அப்படியே விட்டுவிடுங்கள். எம்.சி.எல்.ஆர். (வங்கி தன் நிதிச் செலவை வைத்துத் தானே குறிக்கும் அடிப்படை வட்டி) என்றால் ஆறு மாதத்துக்கோ வருடத்துக்கோ ஒருமுறைதான் மாறும். 2019 அக்டோபருக்கு முன் வாங்கிய வங்கிக் கடன் என்றால், ரெப்போவுக்கு மாற்ற என்ன கட்டணம் என்று கேளுங்கள். வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு ரெப்போ கட்டாயம் இல்லை. அவர்களிடம் பல நேரம் நாமாகப் போய்க் கேட்டால்தான் குறையும்.

கோத்தகிரி: சொந்த இடத்துல வீடு கட்டறோம். பேஸ்மென்ட், லிண்டல், கான்கிரீட், பூச்சுன்னு நாலு தடவையாப் பணம் தருவாங்களாம். அதுவரைக்கும் வட்டி மட்டும் கட்டினாப் போதும்னு சொல்றாங்க. நல்லதுதானே?

மலையில் வீடு கட்டுகிற எல்லோரும் நிதானமாகப் படிக்க வேண்டிய விஷயம் இது. முழுப் பணமும் வாங்கும்வரை கட்டும் அந்த வட்டியில் ஒரு ரூபாய்கூட அசலில் கழியாது. சராசரியாக 15 லட்சம் வாங்கிய நிலையில் வேலை 18 மாதம் இழுத்தால், மாதம் 10,625 வீதம் 1.91 லட்சம் போய்விடும். அதற்கப்புறம்தான் 240 தவணை ஆரம்பம்.

கீழ்நாட்டில் எட்டு மாதத்தில் முடிகிற வேலை இங்கே ஏன் இழுக்கிறது? மழைதான் முதல் காரணம். கூடலூர், பந்தலூர் பக்கம் தென்மேற்குப் பருவமழை நிறுத்திவிடும். கோத்தகிரிப் பக்கம் ஐப்பசி மழைதான் ஆபத்து. சித்திரையில் கடைக்கால் தோண்டினால் வங்கி தந்த முதல் பணத்தோடு மழையில் மாட்டிக்கொள்வீர்கள். மார்கழி, தையில் தொடங்கி மே முடிவதற்குள் கூரை கான்கிரீட் போட்டுவிடுகிற மாதிரி பணம் எடுங்கள். சரிவில் மண் வெட்ட அனுமதி கைக்கு வரும்முன் வங்கியிடம் முதல் பணத்தை வாங்கவே வாங்காதீர்கள்.

இரண்டாவது, மதிப்பீட்டுத் தாள். எஞ்சினியர் சதுர அடிக் கணக்கில் எழுதிக் கொடுப்பார், தடுப்புச் சுவர் அதில் இருக்காது. லாரி நிற்கும் ரோட்டிலிருந்து மனைவரை எம்-சாண்டும் ஜல்லியும் தலைச்சுமையாகப் போகும் கூலியும் இருக்காது. கட்டும்போது இந்த இரண்டுக்கும் பணம் பற்றாமல், வீட்டுக்கடனைவிட மிகவும் கசக்கும் வட்டியில் தனிநபர் கடன் எடுக்கிறார்கள். தடுப்புச் சுவரின் நீளம், உயரம், அதில் தண்ணீர் வடியும் குழாய், சுமைக்கூலி எல்லாவற்றையும் தனித்தனி வரியாக எழுதச் சொல்லி, அதையும் சேர்த்து ஒப்புதல் வாங்குங்கள்.

வங்கி அனுமதித்தால், முதல் பணம் வாங்கிய மாதத்திலிருந்தே முழுத் தவணை கட்டுகிறோம் என்று எழுதிக் கொடுங்கள். மூச்சு முட்டும்தான், ஆனால் கடன் அன்றிலிருந்தே கரையத் தொடங்கும்.

வெலிங்டன்: லோனோட இன்ஷூரன்ஸும் எடுத்தே ஆகணும்கிறாங்க. பிரீமியத்த லோன்லயே சேத்துடுவோம், கையில காசு வேண்டாம்கிறாங்க.

ஆயுள் காப்பீட்டை அவர்களிடமே எடுக்க வேண்டும் என்ற கட்டாயம் கிடையாது. 1.2 லட்சம் பிரீமியத்தைக் கடனில் சேர்த்தால், 20 வருடத்தில் அதற்கு மட்டும் 2.5 லட்சம் கட்டுவீர்கள். தனியாக டேர்ம் பாலிசி எடுத்து வருடா வருடம் கட்டுங்கள். 2024 அக்டோபர் முதல் புது வீட்டுக்கடன் எல்லாவற்றுக்கும் முக்கிய விவரத் தாள் கொடுக்க வேண்டும். கட்டணங்களையும் சேர்த்த ஆண்டுச் செலவு விகிதம் அதில் இருக்கும். கையெழுத்துக்கு முன் அதை உங்களுக்குப் புரியும் மொழியில் கேட்டு வாங்குங்கள்.

கட்டடத்துக்கான காப்பீடு வேறு விஷயம், அது மலையில் அவசியம். பாரத் கிருஹ ரக்ஷா என்ற பொதுப் பாலிசியில் நிலச்சரிவும் அடங்கும். ஆனால் கொட்டி நிரப்பிய மண் இறங்குவதால் வரும் சேதம் அதில் சேராது. மனையைச் சமன்படுத்த மண் நிரப்பியவர்கள் அந்த விதிவிலக்குப் பத்தியைப் படித்துவிட்டு எடுங்கள்.

இத்தலார்: எங்களுக்குப் பச்சைத் தேயிலை வருமானம். மாசா மாசம் ஒரே மாதிரி வராது. என்ன பண்றது?

உங்களுக்கு மட்டும் நீண்ட காலமே பொருந்தும். உறைபனிக் காலத்தில் இலை குறையும்போதும் கட்ட முடிகிற தவணையாக வைத்துக்கொள்ளுங்கள். இலை நன்றாக வரும் மாதங்களில் கூடுதலாக அசலில் போடுங்கள். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக்கடனுக்கு முன்கூட்டிக் கட்டுவதற்கு அபராதம் கிடையாது. முதல் வருட முடிவில் போடும் ஒரு லட்சம் 18 தவணையைக் குறைக்கும், அதாவது 4.7 லட்சம். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாவது வருட முடிவில் போட்டால் ஆறு தவணைகூடக் குறையாது. போடும்போது "தவணைத் தொகை மாறாமல் காலத்தைக் குறைக்கவும்" என்று எழுதிக் கொடுங்கள். மீதித் தவணை எத்தனை ஆனது என்று மறுநாளே பாருங்கள்.

ஜெகதளா: வட்டி குறைஞ்சும் இ.எம்.ஐ. குறையல சார்.

குன்னூருக்குச் சொன்ன பதிலைப் படியுங்கள்.

கோத்தகிரி (வேறொருவர்): 30-க்குப் பதிலா 45 லட்சம் வாங்கி மாடியும் கட்டி ஹோம்ஸ்டே விட்டா, இ.எம்.ஐ. அதுவே கட்டிக்கும்ல?

45 லட்சத்துக்குத் தவணை 39,052. மாடி மட்டும் மாதம் 13,017, வருடத்துக்கு 1.56 லட்சம் ஈட்ட வேண்டும். வராத மாதத்துக்கும் தவணை உண்டு.

கோத்தகிரி: சீசன்ல ஒரு ராத்திரிக்கு நாலாயிரம் சுலபமாக் கேக்கலாம் சார். நீங்க ரொம்பப் பயமுறுத்தறீங்க.

கொடைக்கானல்: அவர் சொல்றது சரிதான் சார். எங்க ஊர்ல பாதிப் பேரு அப்படித்தான் கடன அடைக்கறாங்க.

நாலாயிரம் வாங்கலாம், அவ்வளவும் கையில் நிற்குமா? பதிவுத் தளத்தின் கமிஷன், சலவை, சமையலாள், கோடையில் தண்ணீர் லாரி, வணிகக் கட்டண மின்சாரம். சீசன் இல்லாத நாட்களில் வாடகையும் இறங்கும். எல்லாம் போய் சராசரியாக 1,500 நின்றால், வருடத்துக்கு 104 இரவு நிறைய வேண்டும். ஏப்ரல், மே இரண்டு மாதமும் ஒரு நாள் விடாமல் நிறைந்தாலே 61 இரவுதான்.

கொடைக்கானல்: லீவு நாள், சனி ஞாயிறு எல்லாம் இருக்கே?

இருக்கிறது. ஆனால் உயர் நீதிமன்ற உத்தரவால் 2024 மே 7 முதல் இரண்டு மலைக்கும் இ-பாஸ் வந்தது. 2025 ஏப்ரல் முதல் ஜூன் வரை நீலகிரிக்கு வார நாளில் 6,000, வார இறுதியில் 8,000 வண்டி என்றும், உங்கள் கொடைக்கானலுக்கு 4,000, 6,000 என்றும் வரம்பு போட்டார்கள். ஒரு நீதிமன்ற உத்தரவில் குறையக்கூடிய வருமானத்தை நம்பி 20 வருடக் கடன் வாங்கக் கூடாது. 2018-ல் சீகூர் யானை வழித்தடத்தில் உச்ச நீதிமன்ற உத்தரவின்பேரில் விடுதிகளுக்குச் சீல் வைத்ததும் உங்களுக்குத் தெரியும். குடியிருப்புக்கு அனுமதி வாங்கிவிட்டு விடுதி நடத்துவது அந்த ஆபத்தை வீட்டுக்குள் கொண்டுவருவது.

கோத்தகிரி: அப்ப மாடியே வேண்டாங்கறீங்களா?

ஆடி மாதச் சம்பளத்தில், மாடி காலியாகக் கிடக்கும்போது, 39,052 கட்ட முடியும் என்றால் கட்டுங்கள். வரும் வாடகையை எல்லாம் அசலில் போடுங்கள். முடியாது என்றால், மேலே எழுப்ப இடம்விட்டு அஸ்திவாரத்தையும் தூண்களையும் மட்டும் இப்போதே சரியாகப் போடுங்கள். மாடி பிறகு வரட்டும்.

ஊட்டி: வேற பேங்க்ல அரை சதவீதம் கம்மி. மாத்திடலாமா? பாக்கி 25 லட்சம், 15 வருஷம் இருக்கு. இப்ப 9%.

காலத்தை 15 வருடமாகவே வைத்து 8.5-க்குப் போனால், மாதம் 738 வீதம் 1.33 லட்சம் மிச்சம். அதில் நடைமுறைக் கட்டணம், வக்கீல் கட்டணம், மறுபடி உரிமை ஆவண ஒப்படைப்புப் பதிவுச் செலவு எல்லாம் கழியும். ஆனால் புது வங்கி "இ.எம்.ஐ. 21,696 தான்" என்று 20 வருடத்துக்குப் போட்டுக் கொடுக்கும். மாதம் 3,661 குறைந்த சந்தோஷத்தில் கையெழுத்துப் போட்டால், வட்டி குறைந்த பிறகும் மொத்தத்தில் 6.4 லட்சம் அதிகம் கட்டுவீர்கள். மாறினாலும் மீதித் தவணை 180-ஐத் தாண்டக் கூடாது. அதற்கு முன், இப்போதைய வங்கியிலேயே வட்டியைக் குறைக்கக் கேட்டுப் பாருங்கள்.

மஞ்சூர்: தெரிஞ்ச ஃபைனான்ஸ்ல 7% ஃப்ளாட்னு தர்றாங்க. பேங்க்கவிடக் கம்மிதானே?

கம்மி இல்லை. ஃப்ளாட் என்றால் கடைசிவரை முழு 30 லட்சத்துக்கும் வட்டி. 20 வருடத்துக்கு 42 லட்சம் வட்டி, தவணை 30,000. வங்கிக் கணக்கில் அது பத்தரை சதவீதத்துக்குச் சமம்.

கூடலூர்: செக்‌ஷன் 17 நிலம், பட்டா இல்ல. கடன் கிடைக்குமா?

வங்கி அதை அடமானமாக ஏற்காது. 1969 கூடலூர் ஜென்ம நில ஒழிப்புச் சட்டத்தின் 17-ஆம் பிரிவின் கீழ் தீராமல் கிடக்கும் விஷயம் அது. அந்தச் சட்டம் தெரிந்த வக்கீலைப் பாருங்கள். வாங்கித் தருகிறேன் என்று முன்பணம் கேட்கும் தரகரிடம் போகாதீர்கள்.

கேத்தி: வரிச் சலுகையக் கழிச்சுட்டா வட்டி பெருசா இல்லன்னு ஆடிட்டர் சொல்றாரே?

நீங்கள் குடியிருக்கும் வீட்டுக்கு அந்த 2 லட்சம் வட்டிக் கழிவு பழைய வரிமுறையில்தான் உண்டு. புதிய முறையில் இருந்தால் மறந்துவிடுங்கள். பழைய முறையிலும், கடன் வாங்கிய நிதியாண்டு முடிந்து ஐந்து வருடத்துக்குள் கட்டி முடிக்காவிட்டால் அது 30,000 ஆகச் சுருங்கிவிடும்.

எடப்பள்ளி: அண்ணா, ரெப்போ குறைஞ்சுதே, இ.எம்.ஐ…

மூன்றாவது முறை இதே கேள்வி. மேலே இருக்கிறது. மீதித் தவணை எண்ணிக்கையைப் பார்க்காமல் இனி இதைக் கேட்க வேண்டாம்.

குன்னூர் (ஓய்வு பெற்றவர்): போன மாசம் கடன முடிச்சேன். பத்திரம் இன்னும் வரல. அலையவிடறாங்க.

முழுக் கடனும் அடைத்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். அவர்களால் தாமதமானால் ஒரு நாளைக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். 2023 டிசம்பர் முதல் உள்ள விதி இது. கடன் முடிந்த தேதியைக் குறிப்பிட்டு எழுத்தில் கேளுங்கள். ஒப்புதல் கடிதத்தோடு கொடுத்த பட்டியலை வைத்துத் தாய்ப்பத்திரம், கிரயப் பத்திரம், வரைபடம் என்று ஒவ்வொன்றாகச் சரிபார்த்து, பக்க எண் பார்த்து வாங்குங்கள். கடனுக்கு ஈடாகப் பத்திரத்தை வங்கியிடம் ஒப்படைத்ததைப் பதிவு செய்திருந்தால், சார்பதிவாளர் அலுவலகத்தில் ரசீது ஆவணம் பதிந்தாக வேண்டும். பதிந்த பிறகு வில்லங்கச் சான்று ஒன்று போட்டு, அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பாருங்கள்.