நாற்பது போர்வையும் ஒரு கைப்பிடிக் கம்பியும்

கே: அடுத்த மாதம் என் கணவருக்குச் சாந்திக் கல்யாணம். விருந்தைச் சுருக்கிக்கொண்டு 50,000 ரூபாயைத் தர்மத்துக்கு ஒதுக்கியிருக்கிறோம். முதியோர் இல்லத்தில் வடை பாயசத்தோடு ஒரு நாள் சாப்பாடு போடலாம் என்கிறார் அவர். மகளோ அதெல்லாம் பழைய முறை என்கிறாள். எது சரி?
- ஓர் ஆச்சி, காரைக்குடி

ப: சாப்பாடு போடுங்கள் ஆச்சி, தப்பே இல்லை, ஆனால் இலை போடுவதற்கு முன்னால் அந்த இல்லத்துக்கு ஒரு போன் போட்டுவிடுங்கள். அமாவாசை, ஞாயிற்றுக்கிழமை என்றால் ஒரே நாளில் மூன்று வீட்டுச் சாப்பாடு வந்து நிற்கும், செவ்வாய்க்கிழமை காலை இட்லிக்கு ஆள் இருக்காது. நானே பட்டுத் தெரிந்துகொண்டதுதான். சில வருடங்களுக்கு முன்னால் அப்பச்சி நினைவாக நாற்பது போர்வை வாங்கி ஓர் இல்லத்துக்குக் கொண்டுபோனேன், யாரையும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. வாங்கி உள்ளே வைக்கப் போன அம்மா அலமாரியைத் திறந்தார், மேல் தட்டு வரைக்கும் பிரிக்காத போர்வைகள். என் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டுமே! கிளம்பும்போது ஒரு பெரியவர் மெதுவாகச் சொன்னார்: "பாத்ரூம்ல பிடிச்சுக்க ஒரு கம்பி இருந்தா நல்லாருக்கும்ப்பா, போன மாசம் ரெண்டு பேர் விழுந்துட்டாங்க." கொத்தனார் கூலியோடு சேர்த்தும் அது போர்வைச் செலவில் பாதிகூட ஆகவில்லை.

அதனால் நிர்வாகியோடு நிறுத்தாமல் சமையல்கார அம்மாவையும் அங்கே தங்கியிருப்பவர்களையும் கேளுங்கள். பெரியவர்களுக்கான டயப்பர், மாத்திரைச் செலவு, கரண்ட் பில், இதையெல்லாம் பிறந்தநாளுக்கு வருகிறவர்கள் கொண்டுவருவதில்லை, போட்டோவில் நன்றாக இருக்காதே.

அப்புறம், 50,000 ரூபாயையும் ஒரே நாளில் கரைக்க வேண்டுமா என்ன? வியாபாரத்தில் இவ்வளவுக்கு இவ்வளவு என்று தர்மத்துக்கு மகமை ஒதுக்கிய ஊர் நம்முடையது. மாதம் 2,000 என்று வைத்தால் உங்கள் பணம் 25 மாதம் வரும். அரசுப் பள்ளியில் ஆறாவது முதல் பன்னிரண்டாவது வரை படித்துவிட்டுக் கல்லூரிக்குப் போகிற பெண்ணுக்குப் புதுமைப்பெண் திட்டத்தில் மாதம் 1,000 ரூபாய் வருகிறது, ஆனால் ஹாஸ்டலில் சேர்ந்துவிட்டால் அது எந்த மூலைக்கு? மீதியை நீங்கள் கொடுத்தால் பாதியில் நிற்காமல் படித்து முடிப்பாள். மகள் பழைய முறை என்கிறாளே, இதுவும் இங்கே பழைய முறைதான் என்று சொல்லுங்கள். வள்ளல் அழகப்பச் செட்டியார் 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுத்து சிக்ரி என்கிற மத்திய மின்வேதியியல் ஆராய்ச்சி நிறுவனத்தைக் காரைக்குடிக்குக் கொண்டுவந்தார், 1948-இல் நேரு அடிக்கல் நாட்டினார், இன்றைக்கும் அங்கே ஆராய்ச்சி நடந்துகொண்டுதான் இருக்கிறது. நம்மிடம் 300 ஏக்கர் இல்லை, சரி, 25 மாதம் இருக்கிறதல்லவா?

கே: குழந்தைக்கு ஆபரேஷன், உதவுங்கள் என்று போட்டோவும் ஜிபே நம்பரும் வாட்ஸ்அப்பில் வருகிறது. அனுப்பாமல் விட்டால் மனசு உறுத்துகிறது, அனுப்பினால் பயமாக இருக்கிறது.
- ஒரு வாசகர், தேவகோட்டை

ப: அந்த நம்பருக்கு அனுப்பாதீர்கள். எந்த ஆஸ்பத்திரி, உள்நோயாளி எண் என்ன என்று கேட்டு, ஆஸ்பத்திரியின் பொது எண்ணுக்கு நீங்களே போன் செய்யுங்கள், உண்மை என்றால் குழந்தையின் பெயரில் ஆஸ்பத்திரிக் கணக்கிலேயே கட்டிவிடலாம். பாதிப் பேர் இந்த இடத்திலேயே பதில் சொல்லாமல் போய்விடுவார்கள். நிஜமாகவே கஷ்டப்படுகிற குடும்பமாக இருந்தால், பணத்துக்கு முன்னால் ஒன்று கேளுங்கள்: முதலமைச்சர் காப்பீட்டு அட்டை இருக்கிறதா? ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருக்கும் குடும்பத்துக்கு வருடத்துக்கு 5 லட்சம் வரை சிகிச்சை கிடைக்கும். அட்டை இல்லை என்றால் வி.ஏ.ஓ.விடம் வருமானச் சான்று, ரேஷன் கார்டு, ஆதார் எல்லாம் எடுத்துக்கொண்டு சிவகங்கை கலெக்டர் ஆபீஸ் வரைக்கும் அலைய வேண்டும். ஆஸ்பத்திரியில் குழந்தையை விட்டுவிட்டு அந்தத் தாய் எப்படி அலைவாள்? நீங்கள் ஒரு நாள் லீவு போட்டுக் கூடப் போனால், நீங்கள் அனுப்ப நினைத்த 500 ரூபாயைவிட அவளுக்கு அது பெரிய உதவி.

கே: தர்மம் செய்துவிட்டு ரசீது கேட்டால் புண்ணியம் குறையுமா?
- ஒரு வாசகர், பள்ளத்தூர்

ப: வாசலில் வாங்கிய கீரைக்கும் பேரேடு எழுதிய ஊரிலிருந்து இந்தக் கேள்வியா! தயங்காமல் கேளுங்கள், ரசீது தரத் தயங்குகிற இடம்தான் யோசிக்க வேண்டிய இடம். வருமான வரியில் நன்கொடைக்குக் கிடைக்கும் 80ஜி கழிவு பழைய வரிமுறையில் இருப்பவர்களுக்கு மட்டும்தான், அதிலும் ரொக்கமாக 2,000 ரூபாய்க்கு மேல் கொடுத்தால் கணக்கில் வராது. காசோலையோ யுபிஐயோ நல்லது. பான் நம்பரையும் மறக்காமல் கொடுத்துவிடுங்கள், அவர்கள் வரித்துறைக்கு அனுப்பும் பட்டியலில் உங்கள் கொடை உங்கள் கணக்கில் சேர அது உதவும்.