ஐம்பத்தொரு வயதில் வந்த மாந்தானா

கேள்வி: சென்ற இதழில் மாசிடோனிய நடிகர் பெட்ரே பிர்லிச்கோவுக்கு ஒரு முழுப் பக்கம் ஒதுக்கியிருந்தீர்கள். கடைசிவரை கதாநாயகனாக ஆக முடியாமல் துணை வேடங்களிலேயே காலம் தள்ளிய ஒருவருக்கு இத்தனை இடம் தேவையா?

பதில்: ‘ஆக முடியாமல்’ என்று எழுதியிருக்கிறீர்கள். அந்தச் சொல்லை நான் ஏற்கவில்லை. பிர்லிச்கோ 1907இல் வெலெஸ் நகரில் பிறந்தபோது அந்த ஊர் உதுமானியப் பேரரசின் கீழ் இருந்தது. மாசிடோனிய மொழிக்கு அதிகாரபூர்வமான எழுத்துமுறை வகுக்கப்பட்டதும், தலைநகர் ஸ்கோப்யேயில் மாசிடோனிய தேசிய நாடக அரங்கு தொடங்கியதும் 1945இல்தான். வர்தார் ஃபிலிம் நிறுவனம் 1947இல் உருவாயிற்று. மாசிடோனியாவின் முதல் முழுநீளக் கதைப்படமான ‘ஃப்ரோசினா’ 1952இல் வெளியானது. (பிட்டோலா நகரின் மனாக்கி சகோதரர்கள் அதற்கு வெகு முன்பே கேமராவைக் கொண்டுவந்துவிட்டார்கள் என்பது உண்மை, ஆனால் 1911இல் சுல்தான் வந்துபோனது போன்ற நிகழ்வுகளைத்தான் அவர்கள் படம்பிடித்தார்கள், கதைப்படம் எடுக்கவில்லை.) ‘ஃப்ரோசினா’வில் நடித்தபோது பிர்லிச்கோவுக்கு வயது 45. நாயக வேடத்துக்குரிய இளமை அவரிடம் இருந்த காலத்தில், அவருடைய தாய்மொழியில் ஒரு கதைப்படம்கூட எடுக்கப்படவில்லை. இல்லாத வாய்ப்பை ஒருவர் தவறவிட்டார் என்று எப்படிச் சொல்வது?

அந்த ஆண்டுகளில் அவர் ஊர் ஊராகச் செல்லும் நாடகக் குழுக்களில் நடித்துக்கொண்டிருந்தார். அப்படிப்பட்ட குழுவில் ஆட்கள் குறைவு, அரங்கப் பொருள்கள் அதைவிடக் குறைவு. ஒரே நடிகர் இன்று கிழவராகவும் நாளை வேலைக்காரராகவும் நிற்க வேண்டியிருக்கும், மேடையில் கால் வைத்த கணத்திலேயே தாம் யார் என்பதைப் பார்வையாளருக்கு உணர்த்திவிட வேண்டியிருக்கும். குணச்சித்திர நடிகருக்கு இதைவிடச் சிறந்த பயிற்சி கிடைத்துவிடாது என்பது என் உறுதியான எண்ணம்.

1958இல் ஷிகா மித்ரோவிச் இயக்கிய ‘மிஸ் ஸ்டோன்’ படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அமெரிக்க மிஷனரிப் பெண்மணி எலன் ஸ்டோனை 1901இல் மாசிடோனியப் புரட்சியாளர்கள் கடத்திச் சென்று பிணைப்பணம் கேட்ட உண்மை நிகழ்வே அதன் கதை. தலைவர் யானே சான்டான்ஸ்கியின் வேடம் வேறொருவருக்குப் போயிற்று. பிர்லிச்கோ, அந்தத் தலைவருடன் வரும் மாந்தானா என்ற துணைப் பாத்திரமாக வந்தார். தலைவர் வேடத்துக்கு வரலாற்றின் புகழே பாதி துணை செய்யும். அவருடன் நடக்கும் மனிதனுக்கு அந்தத் துணை கிடையாது. கிடைத்த சில காட்சிகளுக்குள் தன் நடை, குரல், பார்வை ஆகியவற்றைக் கொண்டே அவன் உயிர்பெற்றாக வேண்டும். அந்தப் பொறுப்பை ஏற்றபோது பிர்லிச்கோ ஐம்பதைக் கடந்திருந்தார். அதை நீங்கள் ‘காலம் தள்ளியது’ என்கிறீர்கள்.

1995இல் ஸ்கோப்யேயில் மறைந்த அந்தக் கலைஞருக்கு ஒரு பக்கம் அதிகம் என்பது உங்கள் குறை. ஊர் ஊராக அலைந்து நடித்த அவருடைய ஆண்டுகளுக்கு அந்தப் பக்கத்தில் இரண்டு வரிக்கு மேல் இடம் தர இயலவில்லை என்பது என் குறை.