பரிசீலிக்கச் சொன்ன உத்தரவு கிடப்பில் கிடந்தால்...

கேள்வி: நான் ஓய்வுபெற்ற ஆசிரியர். என் ஓய்வூதியத் திருத்த மனுவை 12 வாரங்களுக்குள் பரிசீலித்து முடிவெடுக்கும்படி உயர் நீதிமன்ற மதுரைக் கிளை உத்தரவிட்டு ஐந்து மாதங்கள் ஆகியும் பதில் இல்லை. அவமதிப்பு வழக்குத் தொடர எதையெல்லாம் நிரூபிக்க வேண்டும்?
– வாசகர், தேனி

பதில்: ஐந்து மாதம் கடந்துவிட்டது என்பது மட்டும் போதாது. நீதிமன்ற உத்தரவை வேண்டுமென்றே மீறுவதைத்தான் 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், பிரிவு 2(பி)-யில், உரிமையியல் அவமதிப்பு என்கிறது. ஆகவே உத்தரவு இருந்தது, அது அதிகாரிக்குத் தெரியும், நிறைவேற்ற முடிந்தும் மனமறிந்தே விட்டுவிட்டார் என்பது வரை மனுதாரர்தான் காட்டியாக வேண்டும்.

பலர் சறுக்குவது, தெரியும் என்று காட்டுவதில்தான். உங்கள் உத்தரவின் கடைசிப் பத்தியைப் பாருங்கள். ‘இவ்வுத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து’ என்றே பெரும்பாலும் இருக்கும். அப்படியானால் கெடு தீர்ப்பு நாளிலிருந்து ஓடாது. விசாரணையின்போது அரசு வழக்கறிஞர் இருந்தாரே என்று இருந்துவிடாமல், நகலை முகப்புக் கடிதத்துடன் அனுப்பிய ஒப்புகை அட்டையையோ, நேரில் கொடுத்திருந்தால் தபால் பிரிவின் முத்திரையும் தேதியும் விழுந்த பிரதியையோ நீங்கள் வைத்திருக்க வேண்டும். இல்லையென்றால் இன்றே அனுப்பிவிட்டு, அது சேர்ந்த நாளிலிருந்து 12 வாரம் எண்ணுவதே பாதுகாப்பு.

அடுத்தது உள்நோக்கம். அவமதிப்பு வழக்கு ஏறக்குறைய குற்ற வழக்கின் தன்மை கொண்டது என்பதால் ஐயத்துக்கு இடமின்றி நிரூபிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. உத்தரவின் வாசகமே இரு பொருள் தந்தால்கூட அதிகாரி தப்பிவிடுவார். ஆனால் மேல்முறையீடு செய்திருக்கிறோம் என்பது மட்டும், தடையாணை பெறாதவரை, அவருக்குக் கைகொடுக்காது. கெடு முடிந்தபின் உங்கள் வழக்கறிஞர் அனுப்பிய நோட்டீசுக்கும் பதில் இல்லை என்றால், என் பார்வையில் உங்கள் கையில் உள்ள வலுவான சான்று அதுவே.

மனுவை, பொறுப்பில் உள்ள அதிகாரியின் பெயரைக் குறிப்பிட்டே தாக்கல் செய்யுங்கள். அரசு தலைமை வழக்கறிஞரின் ஒப்புதல், நீதிமன்றத்தை இழிவுபடுத்துவது போன்ற குற்றவியல் அவமதிப்புக்கு உரியது, உங்களுக்குத் தேவையில்லை.

நீதிமன்றம் பரிசீலிக்கத்தான் சொன்னது, கொடுக்கச் சொல்லவில்லை என்பதையும் மனதில் வையுங்கள். அவமதிப்பு நோட்டீஸ் கண்டதும் அதிகாரி உங்கள் கோரிக்கையை நிராகரித்து ஓர் ஆணை போட்டுவிட்டால் (இது அடிக்கடி நடப்பதுதான்), வழக்கு அத்துடன் முடித்துவைக்கப்படலாம். அந்த ஆணை தவறென்றால் புதிய ரிட் மனுதான் வழி. பிரிவு 20-இன்படி அவமதிப்பு நிகழ்ந்து ஓராண்டுக்குள் மனு தாக்கலாக வேண்டும். உங்கள் வழக்கில் அந்த ஓராண்டு 12 வாரக் கெடு முடிந்ததும் தொடங்கிவிடும்.