செம்மஞ்சள் வட்டம் ஏன் இருண்டு போகிறது?

உப்புவெளியிலிருந்து உயர்தர மாணவர் ஒருவர் கேட்கிறார்: “அண்ணா, பாட்டின் தாளத்துக்கு வட்டங்களை அழுத்தி விளையாடும் ஒசு! விளையாட்டுக்கு நானே ஒரு ஸ்கின், அதாவது அதன் தோற்றத்தை மாற்றும் படத்தொகுப்பு, செய்கிறேன். கோணேசர் மலையிலிருந்து பார்க்கிற காலைச் சூரியனைப்போல செம்மஞ்சள் வட்டம் வரைந்து போட்டேன். விளையாடும்போது சில இடங்களில் அது கரும்பச்சையாக இருண்டுவிடுகிறது. சில பாட்டுகளில் என் வட்டம் வருவதே இல்லை. எங்கே பிழை?”

தம்பி, நீங்கள் வரைந்ததில் பிழையில்லை. அழுத்த வேண்டிய வட்டத்தின் படமான ‘ஹிட்சர்க்கிளை’ ஒசு! அப்படியே காட்டாது, அந்த நேரத்துக் கொம்போவின் (ஒரே நிறத்தில் அடுத்தடுத்து வரும் வட்டக் கூட்டத்தின்) நிறத்தால் பெருக்கித்தான் காட்டும். ஸ்கின்னில் நிறங்கள் குறிக்கப்படாவிட்டால் விளையாட்டின் சொந்த நிறங்கள் நான்கும் மாறிமாறி வரும். அதில் நீலம், சிவப்பு, பச்சை, நீல அளவுகளாகச் சொன்னால், 18, 124, 255. உங்கள் செம்மஞ்சள் 255, 140, 0 என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு எண்ணையும் அதன் சோடியோடு பெருக்கி 255ஆல் வகுத்தால் 18, 68, 0 வரும். நீங்கள் கண்ட கரும்பச்சை அதுதான்.

ஆகவே ஹிட்சர்க்கிளை வெள்ளையிலும் சாம்பலிலும் மட்டும் வரையுங்கள். வெள்ளை எந்த நிறத்தையும் கெடுக்காமல் வாங்கும். சாம்பல் நிழல் தரும். செம்மஞ்சளை ஸ்கின்னின் அமைப்புகள் எழுதப்படும் ‘ஸ்கின் ஐஎன்ஐ’ கோப்பில், நிறங்களுக்கான பகுதியில், ‘கொம்போ1’ வரியில் 255,140,0 என்று எழுதுங்கள். எட்டு நிறம் வரை கொடுக்கலாம். ஆனால் ஒன்றோடு மட்டும் நிறுத்தாதீர்கள். புதுக் கொம்போ எங்கே தொடங்குகிறது என்பதைக் கண் அந்த நிற மாற்றத்தால்தான் பிடிக்கிறது. சூரியனுக்குப் பக்கத்தில் ஒரு வெளிர் கடல்நீலம் வைத்துப் பாருங்கள், அழகாகவும் இருக்கும்.

எப்போதும் செம்மஞ்சள்தான் வேண்டுமென்றால் அதற்கும் வழி உண்டு. வட்டத்தின் மேல் படியும் ‘ஹிட்சர்க்கிள்ஓவர்லே’ படத்துக்கு நிறம் பூசப்படாது, அதில் வரையலாம். ஆனால் அது வழமையாக வட்டத்தின் நடுவில் உள்ள இலக்கத்துக்கு மேலே வந்து இலக்கத்தை மறைத்துவிடும். ஓவர்லேயை இலக்கத்துக்கு மேலே வைப்பதா என்று கேட்கும் வரி ஸ்கின் ஐஎன்ஐயில் இருக்கிறது. அதை 0 ஆக்குங்கள்.

சில பாட்டுகளில் உங்கள் வட்டம் வராததற்குக் காரணம், அந்தப் பாட்டின் பீட்மப்புக்குள்ளேயே (பாட்டும் அதற்கான வட்டங்களும் அடங்கிய தொகுப்புக்குள்) வேறு ஸ்கின் இருப்பதுதான். பீட்மப் ஸ்கின்களைப் புறக்கணிக்கும் தெரிவை அமைப்புகளில் போட்டுவிட்டால் சரி.

இன்னொன்றையும் கவனியுங்கள், இதில் நானே ஒரு பின்னேரம் முழுக்க மாட்டுப்பட்டேன். 128 பிக்சல் படத்தைத் திரும்பத் திரும்பத் திருத்துகிறேன், திரையில் ஒன்றும் மாறவில்லை. போல்டரில் பெயரின் முடிவில் ‘@2எக்ஸ்’ உள்ள 256 பிக்சல் படமும் கிடந்தது. விளையாட்டு அதைத்தான் எடுத்துக்கொண்டிருந்தது. முதலில் பெரிய படத்தை வரைந்து, அதைச் சரிபாதியாகச் சுருக்கிச் சிறியதைச் செய்யுங்கள்.

ஒவ்வொரு திருத்தத்துக்கும் விளையாட்டை மூடித் திறக்கத் தேவையில்லை. கொன்ட்ரோல், ஆல்ட், ஷிப்ட் மூன்றையும் பிடித்தபடி எஸ் அழுத்தினால் ஸ்கின் புதிதாக ஏறும். முடித்த பிறகு போல்டருக்குள் இருப்பவற்றை ஒரே சிப் (zip) கோப்பாகச் சுருக்கி, கோப்பின் முடிவை ‘ஓஎஸ்கே’ என்று மாற்றிக் கூட்டாளிகளுக்கு அனுப்புங்கள். அவர்கள் இரண்டு தரம் கிளிக் பண்ணினால் போதும்.